வெள்ளகவிக்கு இறங்கும் பாதை

ஜனவரி 23, 2019, புதன்: வட்டக்கானல்

என்னோடு வேலை பார்க்கும் தம்பிக்கு இந்தப் பொங்கலுக்கு விடுப்பு கிடைக்கவில்லை. பொங்கல் கழிந்த மறுவாரம் அவர் ஊருக்குக் கிளம்பியபோது நானும் சேர்ந்துகொண்டேன். அவருடைய ஊர் வெள்ளகவி. கொடைக்கானலுக்கும் பெரியகுளத்துக்கும் நடுவே மலைச்சரிவின் இடுப்பில் இருக்கும் அந்த ஊருக்கு வண்டிப் பாதை கிடையாது. மேலேயிருந்து இறங்கினாலும் கீழேயிருந்து ஏறினாலும் நடைதான். நாலு வருடமாக “ஒரு தடவை எங்க ஊருக்கு வாங்கக்கா” என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தவர், நான் வருகிறேன் என்றதும் முதலில் என் காலைத்தான் பார்த்தார். “நடந்துருவீங்களா?” என்றார்.

கொடைக்கானலில் இறங்கும்போதே காது மடல் மரத்துப்போகும் அளவுக்குக் குளிர். வட்டக்கானலில் தம்பிக்குத் தெரிந்தவர் வீட்டில் இரவு தங்க ஏற்பாடாகியிருந்தது. அங்கே கடைப் பலகைகளில் தமிழுக்குப் பக்கத்தில் ஹீப்ரு எழுத்து இருக்கிறது. இஸ்ரேலிலிருந்து வருகிறவர்கள் அவ்வளவு பேர். தேநீர் 15 ரூபாய். ஜனவரி 1 முதல் பிளாஸ்டிக் பைக்குத் தடை வந்துவிட்டதால், கடைக்கார அம்மா வெங்காய வடையை மந்தாரை இலையில் மடித்து நூல் கட்டிக் கொடுத்தார். அந்த நூலைப் பிரிக்கும்போது எழுந்த இலை மணம் வடையைவிட நன்றாக இருந்தது.

தம்பி வெள்ளகவிக்குப் போகிறார் என்ற செய்தி அரை மணி நேரத்துக்குள் தெரு முழுக்கப் பரவிவிட்டது. ஒருவர் சர்க்கரை நோய் மாத்திரை கொடுத்தார். இன்னொருவர் டார்ச் விளக்குக்கு நாலு பேட்டரி கொடுத்தார். ஒரு பெண் மடித்த 500 ரூபாய் நோட்டைத் தந்து யாரிடம் சேர்க்க வேண்டும் என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். வேறு ஒரு வார்த்தை பேசவில்லை. தம்பி எதையும் எழுதிக்கொள்ளவில்லை, எல்லாம் மனதில் இருந்தது. அந்தப் பாதையில் வெறுங்கையோடு இறங்குவது மரியாதை இல்லை என்றார். என் பையிலும் அரைக் கிலோ நெத்திலிக் கருவாடு ஏறியது.

ஜனவரி 24, வியாழன்: இறக்கம்

காலை ஆறரை மணிக்குப் புல்வெளியில் உறைபனி உப்பைத் தூவியதுபோலப் படிந்திருந்தது. போன மார்ச்சில் குரங்கணிக் காட்டுத் தீயில் மலையேறப் போனவர்கள் இறந்த பிறகு, வெளியாட்கள் காட்டுக்குள் நடமாடுவதில் மிகுந்த கண்டிப்பு வந்திருக்கிறது. எங்களை நிறுத்தி விசாரித்த காவலர், தம்பியின் வீட்டு விருந்தாளி நான் என்று தெரிந்ததும், “பத்திரமா கூட்டிட்டுப் போப்பா, தீப்பெட்டி எடுத்துட்டுப் போகாத” என்று மட்டும் சொன்னார்.

டால்பின் மூக்குப் பாறை வரைக்கும்தான் சுற்றுலாக் கூட்டம். அதற்குக் கீழே பாதை மரவேர்களைப் படியாகக்கொண்டு செங்குத்தாக இறங்குகிறது. நவம்பரில் வீசிய கஜா புயலில் சாய்ந்த மரங்கள் இன்னும் கிடந்தன. பாதைக்குக் குறுக்கே விழுந்தவற்றை மட்டும், சுமையேற்றிய ஒரு குதிரை நுழையும் அகலத்துக்கு அறுத்து வழி விட்டிருந்தார்கள். வீட்டுக்கு ஒரு ஆள் வந்து இரண்டு நாளில் முடித்த வேலை என்று தம்பி சொன்னார். அறுத்த முகத்தில் பிசின் வழிந்து, சோழிபோல் உறைந்திருந்தது.

ஒன்றரை மணி நேரம் இறங்கியபின் பாதை வளைவில் காட்டுமாடு ஒன்று நின்றது. முழங்கால் வரைக்கும் வெள்ளை, அதற்கு மேல் எல்லாம் கறுப்பு. தம்பி கையை மட்டும் உயர்த்தினார். நாங்கள் ஒரு பாறையோடு ஒட்டி உட்கார்ந்தோம். அது நின்ற இடத்திலேயே நின்று மென்றுகொண்டிருந்தது. முக்கால் மணி நேரம் கழித்துத் தானாக ஓடைப் பக்கம் இறங்கியது. அந்த முக்கால் மணி நேரத்தில் நான் பேச வாயெடுத்தபோதெல்லாம் தம்பி தலையை அசைத்துத் தடுத்தார். இருபது வருடமாக நடக்கும் வழியிலும் அவர் அவ்வளவு கவனமாக இருந்தார்.

1821-இல் இந்த மலைகளை அளக்க வந்த ஆங்கில அளவையாளர் லெப்டினன்ட் வார்டு, குன்னுவர் என்ற மலைமக்களின் ஊரான வெள்ளகவியிலிருந்துதான் கொடைக்கானலுக்கு ஏறினார். அப்போது கொடைக்கானல் என்ற நகரமே கிடையாது. அதன்பின் 1845-இல் அமெரிக்கப் பாதிரிமார்கள் மேலே வீடு கட்டினார்கள். 1916-இல் வத்தலக்குண்டு பக்கமிருந்து மோட்டார் சாலை திறந்தார்கள். அளக்க வந்தவருக்கு வழியாக இருந்த ஊர், சாலை வேறு பக்கமாகப் போனபின் அப்படியே நின்றுவிட்டது. இதைத் தம்பியிடம் சொன்னேன். “அப்ப நாங்கதான் பழைய ஆளுக” என்றார். அதைச் சொல்லும்போது அவர் குரலில் பெருமையும் இருந்தது, சலிப்பும் இருந்தது.

ஊர் எல்லையில் ஒரு பெரிய மரமும் அதன் அடியில் ஒரு சாமியும் இருக்கின்றன. அங்கே செருப்பைக் கழற்றிவிட வேண்டும். ஊருக்குள் யாரும் எதையும் காலில் போடுவதில்லை. வீடும் கோயிலும் சுவரோடு சுவராக ஒட்டி நிற்கும் ஊர் அது; எது தெரு, எது சன்னிதி என்று பிரித்துச் சொல்ல முடியாது என்பதால் ஊரையே கோயிலாக வைத்திருக்கிறார்கள். நான் செருப்பைப் பையில் திணித்துக்கொண்டேன். மூன்று மணி நேரம் இறங்கி வீங்கிய காலுக்குக் குளிர்ந்த கல்தளம் முதலில் இதமாகத்தான் இருந்தது.

தம்பியின் அம்மா வாசலில் வெந்நீரோடு நின்றார். “வா தாயி, கால்ல ஊத்திக்க, அப்பறம் பேசலாம்” என்றார். தாயி என்று என்னைக் கூப்பிட்டு எத்தனையோ வருடமாயிற்று. மதியம் கேழ்வரகுக் களியும் பச்சை மொச்சைக் குழம்பும் போட்டார். தை மாதத்து மொச்சை. தோலோடு வாயில் கரைந்தது. சாப்பிட்டதும் கருப்பட்டி போட்ட வரக்காப்பி கொடுத்தார். அவர்கள் தோட்டத்துக் கொட்டை, அவர்கள் வறுத்தது, அவர்கள் உரலில் இடித்தது. இடித்த தூள் நைஸாக இல்லாததால் டம்ளர் அடியில் ஒரு விரல் உயரம் மண்டி நின்றது. அதையும் ஸ்பூனால் எடுத்துச் சாப்பிட்டேன்.

சாயங்காலம் கோயில் சாவடிக்குப் போனபோது கூரைக்கு அடியில் நீளமான ஒரு கம்பு இரண்டு கயிற்றில் தொங்கியது. இரண்டு முனையிலும் தோள் பட்ட இடம் மட்டும் எண்ணெய் தடவியதுபோல் கறுத்து மின்னியது. டோலிக் கம்பு. நடக்க முடியாதவர்களைப் போர்வையில் கிடத்தி, இதில் கட்டித்தான் மேலேயோ கீழேயோ தூக்கிப் போகிறார்கள். சாவடியில் உட்கார்ந்திருந்த பெரியவர், எட்டுப் பேராவது வேண்டும், மாற்றி மாற்றித்தான் தூக்க முடியும் என்றார். பிறகு, “டோலி எழுந்துச்சுன்னா அன்னிக்கு ஊருல பகை கிடையாது. பேசாதவனும் வந்து தோள் குடுப்பான். எறக்கி வச்சப்பறம் பேசாம இருந்துக்கிடலாம்” என்றார். அந்தக் கடைசி வாக்கியத்தின் பொருள் எனக்கு மறுநாள்தான் புரிந்தது.

ஜனவரி 25, வெள்ளி: வெள்ளகவி

காப்பிப் பழம் எடுக்கும் பருவம். வாசல்கள் எல்லாவற்றிலும் சிவப்பும் கறுப்புமாகப் பழம் காய்கிறது. சின்னப் பிள்ளைகள் அதன் நடுவே காலால் கோடு கிழித்துக்கொண்டே நடந்து பழத்தைப் புரட்டிவிடுகிறார்கள். பள்ளிக்கூடம் பூட்டியிருந்தது. பழைய ஓய்வூதியத் திட்டம் கேட்டு ஆசிரியர்களும் அரசு ஊழியர்களும் 22-ஆம் தேதியிலிருந்து மாநிலம் முழுக்க வேலைநிறுத்தம் செய்கிறார்கள். பிள்ளைகளுக்கு அது விடுமுறை. காப்பி எடுக்கிற வீடுகளுக்கு அது கூடுதல் கை.

பழத்தோடு காயவைத்த காப்பிக்கு வியாபாரி கிலோவுக்கு 65 ரூபாய் கொடுக்கிறார் என்று அம்மா சொன்னார். அதிலிருந்து குதிரைக் கூலி போக வேண்டும். மேலே 370 ரூபாய்க்கு வாங்கும் சிமெண்ட் மூட்டை இங்கே இறங்கும்போது 600 ஆகிறது. இவர்கள் விளைவிப்பது மலிவாகப் போகிறது, வாங்குவது எல்லாம் கனமாக வந்து சேருகிறது. காப்பி, எலுமிச்சை, ஆரஞ்சு, மலைவாழை, பட்டர் புரூட் என்று கைவைத்த இடமெல்லாம் காய்க்கிற மண் இது. பழுத்து விழுந்ததைத் தூக்கிப்போகும் கூலி பழத்தின் விலையைவிடக் கூடும்போது, அதை அங்கேயே விட்டுவிடுகிறார்கள். ஒரு மரத்தடியில் எலுமிச்சை மஞ்சள் விரிப்பாகக் கிடந்தது. மதுரையில் ஒரு பழம் ஐந்து ரூபாய்க்கு வாங்கிய எனக்கு மனம் ஆறவில்லை. பத்துப் பழத்தைப் பொறுக்கி முந்தானையில் கட்டிக்கொண்டேன்.

அப்போதுதான் என் குதிகாலில் எலுமிச்சை முள் ஏறியது. காலை ஊன்ற முடியவில்லை. அம்மா என்னைத் திண்ணையில் உட்காரவைத்து, என் காலைத் தன் மடியில் எடுத்து வைத்துக்கொண்டார். நான் வேண்டாம் என்று இழுத்தேன், அவர் விடவில்லை. இன்னொரு எலுமிச்சை முள்ளை எடுத்து விளக்குத் தீயில் காட்டி, ஆறவைத்து, அதன் நுனியால் என் தோலை மெல்ல விலக்கினார். உள்ளே முறிந்திருந்த துண்டு அரை நெல்லளவு கூட இல்லை. அதை நகத்தில் வைத்து எனக்குக் காட்டிவிட்டு, நல்லெண்ணெயில் மஞ்சள் குழைத்துச் சூடாக வைத்தார். அவருடைய பாதத்தை அப்போதுதான் பார்த்தேன். குதிகாலில் வெடிப்புகள் காய்ந்த குளத்து மண்போல் ஆழமாக ஓடியிருந்தன. அறுபது வருடம் இந்தக் கல்லில் வெறுங்காலோடு நடந்த பாதம் அது.

திண்ணையில் உட்கார்ந்தபடியே, பக்கத்துச் சந்தில் போகும் கறுப்பு ஓஸைக் கவனித்தேன். ஓடையில் மேலே கல் கட்டி மறித்து, அங்கிருந்து ஓஸ் இழுத்து வீட்டுக்குத் தண்ணீர் கொண்டுவருகிறார்கள். அந்த ஓஸ் இரண்டாகப் பிரியும் இடத்தில், ஒரு கிளையின் வாயை மரக்கட்டையால் அடைத்து, சைக்கிள் டியூப்பை வரிந்து கட்டியிருந்தார்கள். டியூப் புதியது அல்ல, வெயிலில் வெளுத்துப்போயிருந்தது. அது யார் வீட்டுக்குப் போகிறது என்று கேட்டேன். “எங்க கொழுந்தன் வீட்டுக்கு” என்றார் அம்மா. “அவுகளுக்குக் கீழ்ப்பக்கம் வேற தண்ணி இருக்கு.” கீழ்ப்பக்கம் என்றால், குடத்தோடு இருபது நிமிடம் ஏறி இறங்க வேண்டிய இடம். இதைப் பிற்பகலில் கொழுந்தனார் மனைவி இடுப்பிலும் தலையிலும் குடத்தோடு எங்கள் வாசலைக் கடந்து போனபோது தெரிந்துகொண்டேன். அவர் எங்கள் பக்கம் திரும்பவில்லை. அம்மாவும் காப்பிப் பழத்தைக் கிளறிக்கொண்டே இருந்தார், நிமிரவில்லை. ஆனால் குடக்காரரின் கால் படும் இடத்தில் பழம் வராதபடி, விளக்குமாற்றால் ஒரு ஓரமாக ஒதுக்கி முன்கூட்டியே வழிவிட்டிருந்தார்.

காரணம் ஒரு மனு. இரண்டு வருடத்துக்கு முன்னால், சாலை கேட்டு ஊரே கையெழுத்துப் போட்டபோது, நாலு குதிரை வைத்துச் சுமையடிக்கும் கொழுந்தனார் மட்டும் போட மாட்டேன் என்றுவிட்டார். அன்றிலிருந்து பேச்சு இல்லை. அன்றிலிருந்து தண்ணீரும் இல்லை.

மாலையில் சாவடியில் புதிய மனு எழுதினார்கள். கீழே கல்லூரியில் படிக்கும் ஒரு பெண் பிள்ளை, விடுமுறைக்கு வந்தவள், முத்து முத்தான கையெழுத்தில் எழுதினாள். 2006-ஆம் ஆண்டின் வன உரிமைச் சட்டத்தில் 3(2) என்ற பிரிவு இருக்கிறது. சாலை உள்ளிட்ட பொதுத் தேவைகளுக்கு ஒரு ஹெக்டேருக்கும் குறைவான காட்டு நிலத்தை, ஹெக்டேருக்கு 75 மரத்துக்கு மேல் வெட்டாமல், கிராம சபையின் பரிந்துரையோடு ஒதுக்கலாம் என்று அவள் வாசித்துக் காட்டினாள். பெரியவர்கள் தலையாட்டினார்கள். பிறகு அவளே கணக்குப் போட்டாள்: ஒரு ஹெக்டேர் என்றால் பத்தாயிரம் சதுர மீட்டர், பாதை நாலு மீட்டர் அகலம் என்றால் இரண்டரை கிலோமீட்டர்தான் வரும். “அப்ப பாதி வழிக்குக்கூடக் காணாதே” என்றார் ஒருவர். மலையின் பெரும்பகுதி 2013-இல் கொடைக்கானல் வனவிலங்குச் சரணாலயமாக அறிவிக்கப்பட்டிருப்பதால், அதற்குத் தனியாக வேறு அனுமதியும் வேண்டும் என்றாள் அந்தப் பெண். கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. பிறகு பெரியவர், “பாதி வழிக்காவது எழுதுத்தா” என்றார்.

ஜனவரி 26, சனி: வெள்ளகவி

விடிவதற்கு முன்பே நாலு ஆண்களும் அந்தப் பெண் பிள்ளையும் மேலே ஏறிவிட்டார்கள். குடியரசு நாள் கிராம சபை இந்த முறை மேலே நடக்கிறது. 2016-இல் நடந்திருக்க வேண்டிய உள்ளாட்சித் தேர்தல் இன்னும் நடக்காததால் ஊராட்சிக்குத் தலைவர் இல்லை. தனி அலுவலர்தான் பொறுப்பு. முன்பென்றால் தலைவர் வீட்டு வாசலில் போய் நின்று சண்டையாவது போடலாம், இப்போது யாரிடம் போய் நிற்பது என்று ஒரு அம்மா கேட்டார். என்னிடம் பதில் இல்லை.

தம்பி மனுவோடு போகவில்லை. அவருக்கு வயது 31. மூன்று இடத்தில் பெண் பார்த்து, மூன்று இடத்திலும் ஊரின் பெயரைக் கேட்டதும் பேச்சு நின்றுவிட்டது. சாலை இல்லாத ஊருக்குப் பெண் தர மாட்டார்கள். மதுரையில் வீடு எடுத்தால் தருவோம் என்று ஒரு வீட்டில் சொன்னார்கள். அப்படியானால் அம்மாவை யார் பார்ப்பது என்று தம்பி கேட்டதற்கு, அம்மாவையும் கூட்டி வரலாமே என்றார்களாம். அம்மா அதற்கு ஒப்பவில்லை. “செருப்புப் போட்டு நடக்க எனக்குத் தெரியாது, நான் அங்க வந்து என்ன செய்ய” என்கிறார். இந்த ஊரின் திண்ணைகளில் தாடியோடு உட்கார்ந்திருக்கும் முப்பது வயதுக்காரர்களை அதற்குப் பிறகு வேறு கண்ணோடு பார்த்தேன்.

பத்து மணிக்குப் பனிமூட்டம் இறங்கியது. எதிர்வீடு தெரியவில்லை. அந்த நேரத்தில் கொழுந்தனார் தன் குதிரைகளைச் சாவடிக்குப் பக்கத்தில் நிறுத்திச் சுமை இறக்கிக்கொண்டிருந்தார். குரல் கேட்டுப் போனேன். அரிசி மூட்டை, கேஸ் சிலிண்டர், ஒரு பீங்கான் கழிப்பறைக் கோப்பை. அந்தக் கோப்பையை வைக்கோலால் சுற்றி, குதிரைமேல் கட்டி, முழு வழியும் ஒரு கையால் அணைத்துப் பிடித்துக்கொண்டே வந்திருக்கிறார். “ஓடஞ்சா 1,200 ரூவா. அவன் எங்க போவான்?” என்றார். யார் வீட்டுக்கு என்று விசாரித்தேன். போன மனுவில் முதல் கையெழுத்துப் போட்டவர் வீட்டுக்கு.

ஐம்பத்தைந்து வயது இருக்கும். சட்டை போடாத இடது தோளில், கழுத்தை ஒட்டி, காய்த்துப்போன தழும்பு ஒன்று உள்ளங்கை அகலத்துக்கு இருந்தது. சுமை தூக்கியதால் வந்ததா என்று கேட்டேன். “சொமதான்” என்றார். என்னை மதினி வீட்டு விருந்தாளி என்று அறிந்தே வைத்திருந்தார். காப்பி குடித்தாயிற்றா என்று கேட்டார். பிறகு நான் கேட்காமலே சாலைப் பேச்சு வந்தது.

“ரோடு வேண்டாம்னு நான் சொல்லலைம்மா. ரோடு வந்தா மொதல்ல யாரு வருவா, அதச் சொல்லுங்க. ஆஸ்பத்திரி வண்டிக்கு முன்னாடி தோட்டம் வெல கேக்குற காரு வரும். இப்பவே நடந்து வந்து கேக்குறான். நாங்க செருப்பக் கழத்திட்டு நடக்குற தெருவுல, வண்டி டயரக் கழத்திட்டா வரும்? குதிரைய வித்துப்புட்டு நான் எந்தத் தோட்டத்துல போய்க் கூலிக்கு நிக்கிறது? என்னைய ஒரு ஆளு கேக்கலை. கையெழுத்து மட்டும் கேட்டாங்க.”

இவ்வளவையும் அவர் குரல் உயர்த்தாமல், குதிரையின் முதுகுப் புண்ணுக்கு வேப்பெண்ணெய் தடவிக்கொண்டே சொன்னார். எனக்கு அவர் பக்கமும் நியாயம் இருப்பதாகத் தோன்றியது. கொடைக்கானலில் சாலையோரம் முழுக்க விடுதியாகிவிட்டதை மூன்று நாளுக்கு முன்னால்தான் பார்த்திருந்தேன். ஆனால் சாவடிக் கூரையில் அந்தக் கம்பும் தொங்கிக்கொண்டுதான் இருந்தது. இரண்டையும் பார்த்தபிறகு, சாலை இல்லாததால்தான் இந்த ஊர் இத்தனை அழகாக இருக்கிறது என்று முதல் நாள் நாட்குறிப்பில் நான் எழுதிவைத்திருந்த வரியை அடித்துவிட்டேன்.

இரவு ஏழு மணிக்கு மேலே போனவர்கள் திரும்பினார்கள். மனுவை வாங்கிக்கொண்டார்கள், தீர்மானப் புத்தகத்தில் எழுதியிருக்கிறார்கள் என்றாள் அந்தப் பெண். அவளுக்குக் கால் நடுங்கியது. அம்மா அவளுக்கு நெத்திலிக் கருவாட்டுக் குழம்பு ஊற்றிச் சோறு போட்டார். நான் சுமந்து வந்த கருவாடு.

ஜனவரி 27, ஞாயிறு: கும்பக்கரை, பெரியகுளம்

கிளம்பும்போது அம்மா இரண்டு கிலோ காப்பித் தூளைத் துணிப்பையில் கட்டி என் கையில் கொடுத்தார். ஒன்றரை நாளாக வறுத்து இடித்தது. “பெரியகுளத்துல மக இருக்கா. அவகிட்டக் குடுத்துரு தாயி. மூணு வருசமா வரலை, வேலை ஜாஸ்தி அவளுக்கு” என்றார். அவருக்கும் கீழே போய் மூன்று வருடமாகிறது. கொழுந்தனார் வீட்டு வாசலைத் தாண்டும்போது அவர் குதிரைக்குக் கொள்ளு வைத்துக்கொண்டிருந்தார். தம்பி, “வாரேன் சித்தப்பா” என்றார். அவர், “பாத்து எறங்கு, ஓடைப் பாறை வழுக்குது” என்றார். இந்த இரண்டு வாக்கியத்துக்கு மேல் அவர்கள் பேசிக்கொள்வதில்லை.

கீழே இறங்கும் வழி மேல்வழியைவிட நீளம், வெக்கை. குளிரில் தொடங்கிய பயணம் சோலையைத் தாண்டி, மூங்கில் தாண்டி, முட்புதர்ச் சரிவுக்கு வரும்போது சட்டை உடம்போடு ஒட்டிவிட்டது. முள் குத்திய குதிகால் ஒவ்வொரு படிக்கும் சுரீர் என்றது. மூன்று மணி நேரத்துக்குப் பிறகு ஓடையோரம் ஒரு தட்டையான பாறையில் உட்கார்ந்தோம். தம்பி தண்ணீர் குடித்துவிட்டு, “இங்கதான்க்கா எறக்கி வச்சோம்” என்றார்.

அவருடைய அக்கா தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு வந்திருந்தார். எட்டாம் மாதமே, ஐப்பசி மழையில், ராத்திரி வலி கண்டது. டோலி கட்டி இறங்கினார்கள். ஓடையில் வெள்ளம். இந்தப் பாறையில் இறக்கிவைத்து, வெள்ளம் வடிய இரண்டு மணி நேரம் காத்திருந்தார்கள். அக்காவைக் கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டார்கள், பிள்ளை தங்கவில்லை. ரோடு வருகிறவரைக்கும் இந்தப் பாதையில் கால் வைக்க மாட்டேன் என்று அக்கா சொல்லிவிட்டார். அதற்குப் பிறகுதான் அம்மா ஊரைக் கூட்டி மனு எழுதவைத்தார். அந்த மனுவில்தான் சித்தப்பா கையெழுத்துப் போடவில்லை.

கும்பக்கரையில் செருப்பை மாட்டினேன். மூன்று நாள் கழித்துப் போட்டபோது அது யாருடையதோ என்பதுபோல் இருந்தது. அருவியில் ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம். மாங்காய்க் கீற்று 10 ரூபாய், மிளகாய்த் தூளோடு. அங்கிருந்து ஆட்டோவில் பெரியகுளம்.

அக்காவுக்கு ஒரு தையல் கடை இருக்கிறது, ஒற்றை அறை. ஞாயிற்றுக்கிழமையும் திறந்து வைத்திருந்தார். எங்களைப் பார்த்ததும் மெஷினை நிறுத்தி எழுந்து, என்னை உட்காரவைத்து, எதிர்க்கடையில் பால் காப்பி சொன்னார். துணிப்பையைப் பிரித்து, முகத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோய் மூச்சு இழுத்தார். கொஞ்ச நேரம் அப்படியே இருந்தார். அம்மாவுக்கு முழங்கால் எப்படி இருக்கிறது, பசு கன்று போட்டதா என்று கேட்டார். பிறகு தம்பியைப் பார்க்காமல், பையின் வாயைச் சுருட்டிக்கொண்டே கேட்டார்:

“சித்தப்பா வீட்டுக்குத் தண்ணி விட்டாச்சா?”

தம்பி பதில் சொல்லவில்லை.

“இன்னும் விடலையா?” என்றவர் என் பக்கம் திரும்பினார். “அம்மாவுக்கு அவரு கையெழுத்துப் போடாததுதான் தெரியும். அன்னைக்கு ராத்திரி எல்லாரும் தோள் மாத்திக்கிட்டாங்க. முன் கம்ப மட்டும் அவரு கடைசி வரைக்கும் யாருக்கும் குடுக்கலை. மத்தவன் கையில குலுங்கும்னு. ஆஸ்பத்திரி வாசல்ல எறக்கினப்போ தோள்ல தோலே இல்ல. நான் படுத்துக்கிட்டுப் பாத்துக்கிட்டேதான வந்தேன்.”

மேஜைக்கு அடியிலிருந்து ஒரு வெட்டுத் துணியை எடுத்து, மெஷினில் இரண்டு பக்கம் ஓட்டி ஒரு சின்னப் பை தைத்தார். அம்மா கொடுத்த காப்பித் தூளில் பாதியைக் கொட்டாமல் சிந்தாமல் அதில் மாற்றி, வாயைக் கட்டி, தம்பியின் பையில் வைத்தார்.

“அடுத்த தடவ ஏறுறப்ப சித்தப்பா வீட்டுல குடுத்துரு. அம்மா குடுத்துச்சுன்னு சொல்லு.”